டெலிஃபிலிமும் விஆரும்: திரைக்கதை எழுத வருபவர்கள் அடிக்கடி கேட்கும் கேள்விகள்

டிவிக்குப் படம் எழுதுகிறவர் விஆர் (விர்ச்சுவல் ரியாலிட்டி, அதாவது ஹெட்செட் மாட்டிக்கொண்டு கதைக்குள்ளேயே இருப்பதுபோல் பார்க்கும் ஊடகம்) பக்கம் போகலாமா? அங்கே பிழைப்பு இருக்கிறதா? முதலில் எதைக் கற்றுக்கொள்வது? எழுத வருகிறவர்களிடமிருந்து திரும்பத் திரும்ப வரும் கேள்விகளுக்கு ஒரே இடத்தில் பதில் சொல்லப் பார்க்கிறேன். என் கட்சி எது என்பதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன்: விஆருக்கு எழுதுவதற்கு சினிமாவைவிட டெலிஃபிலிம்தான் நல்ல பயிற்சிக்களம். டிக்கெட் வாங்கி இருட்டில் உட்கார்ந்தவர் அவ்வளவு எளிதில் எழுந்து போக மாட்டார். வீட்டில் டிவி பார்ப்பவர் கையிலோ ரிமோட் இருக்கிறது. ஹெட்செட் மாட்டியவர் இன்னும் ஒரு படி மேலே. நீங்கள் உயிரைக் கொடுத்து எழுதிய காட்சிக்கு முதுகைக் காட்டிக்கொண்டு அவர் ஜன்னலை வேடிக்கை பார்க்கலாம். பார்ப்பவரின் கவனம் எந்த நொடியும் கைநழுவிப் போகலாம் என்பதை மனதில் வைத்து எழுதும் பழக்கம் இரண்டு துறைக்கும் வேண்டும்.

டெலிஃபிலிம் என்று எதைச் சொல்கிறோம்?

தியேட்டருக்குப் போகாமல் நேராக டிவியில் ஒளிபரப்பாவதற்காகவே எடுக்கப்படும் முழுநீளப் படம். சீரியல் மாதிரி நாளைக்குத் தொடராது. ஒரே உட்காரலில் கதை முடிந்துவிடும். அமெரிக்காவில் என்பிசி தொலைக்காட்சி 1964 அக்டோபரில் ஒளிபரப்பிய ஒரு படத்தைத்தான் இந்த வகையின் முதல் படம் என்று பொதுவாகச் சொல்வார்கள். 1969இல் ஏபிசி வாராவாரம் ஒரு புதுப்படம் என்று தொடங்கியதும் இது ஒரு தொழிலாகவே நிலைத்துவிட்டது. 90 நிமிட ஒளிபரப்பு நேரத்தில் விளம்பரம் போக எழுத்தாளருக்குக் கிடைத்தது சுமார் 75 நிமிடம்.

அந்த வரிசையில் 1971இல் வந்த 'டூயல்' பற்றி எழுத்தாளர்கள் தெரிந்துகொள்ள வேண்டும். ஸ்பீல்பெர்க் இயக்கியது என்பதால் அவர் பெயர்தான் பேசப்படுகிறது. ரிச்சர்ட் மேத்தசன் தன் சிறுகதையைத் தானே திரைக்கதையாக எழுதிய படம் அது. ஒரு கார் ஓட்டி, முகம் தெரியாத டிரைவர் ஓட்டும் ஒரு லாரி, ஆளரவமற்ற நெடுஞ்சாலை, அவ்வளவுதான். 74 நிமிடம். சுமார் இரண்டு வாரத்தில் எடுத்து முடித்தார்கள். பிறகு வெளிநாடுகளில் தியேட்டரில் வெளியிடுவதற்காகக் கூடுதல் காட்சிகளை எடுத்துச் சேர்த்து நீளமாக்கினார்கள். பட்ஜெட் சின்னது, நாட்கள் குறைவு என்று முதலிலேயே தெரிந்தால் எழுத்தாளர் கதையை எவ்வளவு இறுக்க முடியும் என்பதற்கு இதைவிட நல்ல பாடம் எனக்குத் தெரியவில்லை. இன்றைக்கும் டெலிஃபிலிம் தயாரிப்பாளர் ட்ராஃப்டைக் கையில் வாங்கியதும் எண்ணுவது மூன்றைத்தான்: எத்தனை லொகேஷன், எத்தனை பேசும் பாத்திரம், எத்தனை இரவுக் காட்சி.

விளம்பர இடைவேளைக்காகக் கதையை வெட்டினால் எழுத்து கெட்டுப்போகாதா?

இந்தக் கேள்வியைக் கேட்பவர்கள் பெரும்பாலும் இடைவேளையை வெளியிலிருந்து வந்து விழும் கத்தி என்று நினைக்கிறார்கள். அனுபவப்பட்ட டிவி எழுத்தாளர் அப்படிப் பார்ப்பதில்லை. இரண்டு மணி நேர ஸ்லாட்டுக்கான அமெரிக்கப் படத்தை நெடுங்காலம் ஏழு ஆக்ட்களாக, அதாவது இடைவேளைக்கு இடைவேளை ஓடும் ஏழு பகுதிகளாக, பிரித்துத்தான் எழுதினார்கள். முதல் ஆக்ட் எல்லாவற்றையும்விட நீளம், கிட்டத்தட்ட இருபது நிமிடம். சேனல் மாற்றிக்கொண்டே வருகிறவரைப் பிடித்து உட்கார வைக்க அவ்வளவு நேரம் இடைவெளி இல்லாமல் ஓட வேண்டும். அதன்பிறகு வருபவை சின்னச் சின்ன ஆக்ட்கள், ஒவ்வொன்றின் முடிவிலும் ஒரு கொக்கி.

கொக்கி என்றாலே அலறல், துப்பாக்கி, கதவில் நிழல் என்று புரிந்துகொள்கிறார்கள். அது நாலாந்தரக் கொக்கி. விளம்பரம் ஓடும்போது வீட்டில் இருப்பவர்கள் தங்களுக்குள் பேசிக்கொள்ள எதையாவது கொடுத்துவிட்டுப் போனால் அதுதான் நல்ல ஆக்ட் முடிவு. "அவளுக்குத் தெரிஞ்சிடுச்சு, ஆனா ஏன் கேட்கல?" என்று ஒருவர் சொல்ல வேண்டும். பக்கத்தில் இருப்பவர் அதற்கு ஒரு காரணம் சொல்ல வேண்டும். அவர்கள் அப்படிப் பேசிக்கொண்டிருந்தால் கதை இடைவேளையிலும் ஓடிக்கொண்டுதான் இருக்கிறது.

இடைவேளை இல்லாததுகூட எழுத்தின் ஒரு பகுதியாகலாம். 1983 நவம்பரில் ஏபிசி ஒளிபரப்பிய 'தி டே ஆஃப்டர்', அணுகுண்டு விழுந்தபின் சாதாரண மக்களுக்கு என்ன ஆகும் என்பதைச் சொன்ன படம். எட்வர்ட் ஹ்யூம் எழுதியது. சுமார் 10 கோடிப் பேர் பார்த்ததாகக் கணக்கு. படத்தில் குண்டு விழுந்த பிறகு ஒரு விளம்பரம்கூட வரவில்லை. அதுவரை பழக்கமான இடங்களில் வந்துகொண்டிருந்த இடைவேளைகள் நின்றுபோகின்றன. எழுந்து போய்த் தண்ணீர் குடிக்கக்கூட இடம் கொடுக்காமல் படம் போகிறது. விளம்பரம் கொடுக்கப் பலர் தயங்கியதும் அதற்கு ஒரு காரணம்தான். ஆனால் பார்ப்பவருக்கு அது மூச்சுத் திணறலாகத்தான் இருந்திருக்கும்.

ஓடிடியில் இந்தக் கட்டமைப்பெல்லாம் தேவையா?

தேவை. நெட்ஃப்ளிக்ஸும் டிஸ்னி பிளஸும் 2022 கடைசியில் விளம்பரத்தோடு கூடிய மலிவு சந்தாவைக் கொண்டுவந்தன. இடைவேளை திரும்பி வந்துவிட்டது, ஆனால் அது எங்கே விழும் என்பது எழுத்தாளர் கையில் இல்லை. ஆகவே எந்த இடத்தில் வெட்டினாலும் தாங்கும்படி எழுதிப் பழகுங்கள்.

உண்மைச் சம்பவத்தை டெலிஃபிலிமாக எழுத என்ன செய்ய வேண்டும்?

டெலிஃபிலிமின் மிகப் பெரிய பலமே இந்த வகைதான். 1966இல் பிபிசி ஒளிபரப்பிய 'கேத்தி கம் ஹோம்' ஓர் இளம் குடும்பம் வீட்டை இழந்து, கடைசியில் பிள்ளைகளையும் பறிகொடுக்கும் கதை. ஜெரமி சாண்ட்ஃபோர்ட் எழுத, கென் லோச் இயக்கினார். ஏறத்தாழ 1.2 கோடிப் பேர் பார்த்தார்கள். வீடற்றவர்கள் பிரச்சினை பிரிட்டன் முழுக்கப் பேச்சானது. அடுத்த ஆண்டே தொடங்கிய கிரைசிஸ் என்ற தொண்டு அமைப்புக்கு அந்தப் படம் ஒரு தூண்டுகோல். சாண்ட்ஃபோர்ட் வீடற்றவர்கள் தங்கும் விடுதிகளைப் பற்றி வருடக்கணக்கில் விவரம் சேகரித்தவர். அந்தப் படத்தின் வசனத்தில் உங்களை உலுக்குவது அந்த உழைப்புதான்.

சரி, நடைமுறைக்கு வருவோம். உயிரோடு இருப்பவர்களின் கதை என்றால் அவர்களிடம் எழுத்துபூர்வமாக உரிமை வாங்க வேண்டும். அதோடு பல சேனல்கள் குறிப்புரையுடன் கூடிய ஸ்கிரிப்டைக் கேட்கும். இதைப் பற்றி யாரும் முன்கூட்டிச் சொல்வதில்லை, அதனால் கொஞ்சம் விளக்குகிறேன். ஒவ்வொரு காட்சிக்கும், சில சமயம் ஒவ்வொரு வசனத்துக்கும், பக்கத்தில் அது எங்கிருந்து வந்தது என்று எழுத வேண்டும்: நீதிமன்றப் பதிவு, நேர்காணல், கடிதம், பத்திரிகைச் செய்தி, அல்லது கற்பனை. கற்பனை என்றால் எந்த உண்மையின் அடிப்படையில் கற்பனை செய்தீர்கள் என்றும் சொல்ல வேண்டும். இரண்டு மூன்று நிஜ மனிதர்களைச் சேர்த்து ஒரே பாத்திரமாக்கியிருந்தால் அதையும் குறிக்க வேண்டும். சேனலின் வக்கீல் வரிவரியாக இதைப் படிப்பார். படம் எழுதி முடித்தபிறகு இதைத் தயாரிக்க உட்கார்ந்தால் வாரக்கணக்கில் நேரம் போகும். முதல் ட்ராஃப்டிலிருந்தே ஓரத்தில் எழுதிக்கொண்டு வாருங்கள்.

விஆருக்கு எழுதுவது என்றால் சரியாக எதை எழுதுவது?

தயாரிப்பாளர் "விஆர் கதை ஒன்று வேண்டும்" என்று கூப்பிட்டால் கதை சொல்லத் தொடங்கும் முன் ஒன்றைக் கேளுங்கள்: பார்வையாளர் தலையை மட்டும் திருப்பலாமா, எழுந்து நடக்கவும் முடியுமா?

முதலாவது 360 டிகிரி வீடியோ. கேமரா ஓரிடத்தில் நிற்கும், சுற்றிலும் எல்லாம் பதிவாகும். பார்ப்பவர் எந்தப் பக்கமும் திரும்பலாம், ஆனால் ஓர் அடிகூட முன்னால் எடுத்துவைக்க முடியாது. இதை நாடகம் மாதிரி எழுதலாம். இரண்டாவது கணினியில் உருவாக்கிய உலகம். யூனிட்டி, அன்ரியல் போன்ற கேம் எஞ்சின்களில் (வீடியோ கேம் உருவாக்கும் மென்பொருள்களில்) கட்டுவார்கள். பார்ப்பவர் குனியலாம், மேஜைக்குக் கீழே எட்டிப் பார்க்கலாம், பொருளைக் கையில் எடுக்கலாம். இதற்கு எழுதும்போது, அவர் குனிந்து பார்த்தால் மேஜைக்குக் கீழே என்ன இருக்கும் என்பதையும் யாராவது எழுத வேண்டும். அந்த யாராவது பெரும்பாலும் நீங்கள்தான்.

க்ளோசப் கிடையாது, கட் கிடையாது. பார்வையாளரை எப்படி வழிநடத்துவது?

ஒலி, வெளிச்சம், அசைவு, பாத்திரத்தின் பார்வை. இந்த நான்கில் நான் அதிகம் நம்புவது ஒலியைத்தான். இடப்பக்கம் பின்னாலிருந்து ஒரு நாற்காலி இழுபடும் சத்தம் வந்தால் மனிதத் தலை தானாகத் திரும்பும். அடுத்தது பார்வை: பேசிக்கொண்டிருக்கும் பாத்திரம் நடுவில் நிறுத்திவிட்டு உங்கள் தோளுக்குப் பின்னால் பார்த்தால் நீங்களும் திரும்பிப் பார்ப்பீர்கள்.

நமக்கு இயல்பாக ஏறத்தாழ 200 டிகிரி வரை பக்கவாட்டில் தெரியும். பெரும்பாலான ஹெட்செட்களில் அது 100 டிகிரி சுற்றி இருக்கும். ஆகவே ஓரக்கண்ணால் பார்த்துப் புரிந்துகொள்வார் என்று நம்பி எதையும் எழுத முடியாது. உட்கார்ந்திருப்பவர் கழுத்தைச் சிரமமில்லாமல் இரு பக்கமும் 30 டிகிரி அளவுக்குத் திருப்புவார். முக்கியமான காட்சியை அதற்குள் வைத்துவிட்டு, பின்பக்கத்தைச் சூழலுக்கும் எப்போதாவது ஓர் அதிர்ச்சிக்கும் விட்டுவைப்பது நல்லது.

காத்திருக்க வைப்பது இன்னொரு வழி. கணினியில் ஓடும் படைப்பில் பார்வையாளர் எங்கே பார்க்கிறார் என்பது எஞ்சினுக்குத் தெரியும். ஒக்குலஸ் ஸ்டோரி ஸ்டுடியோவின் 2015 குறும்படைப்பான 'லாஸ்ட்'டில், அவர் பார்க்க வேண்டியதைப் பார்க்கும்வரை கதை பொறுமையாகக் காத்திருக்கும். காத்திருக்கும் நேரத்தில் பாத்திரம் என்ன செய்துகொண்டிருக்கும் என்பதுதான் எழுத்தாளரின் வேலை. அது பொம்மை மாதிரி நின்றால் எல்லாம் போச்சு.

உலகத்தையே சின்னதாக்கிவிடுவது மூன்றாவது வழி, எனக்கு மிகவும் பிடித்தது. 2016இல் வந்த 'பேர்ல்' முழுக்க ஒரு பழைய காருக்குள் நடக்கிறது. அப்பாவும் மகளும் அந்தக் காரிலேயே வருடங்களைக் கடக்கிறார்கள். நீங்கள் எந்தப் பக்கம் திரும்பினாலும் அந்த வாழ்க்கைக்குள்தான் இருக்கிறீர்கள். ஆஸ்கருக்குப் பரிந்துரைக்கப்பட்ட முதல் விஆர் படைப்பு அது. டெலிஃபிலிமில் ஒரே லொகேஷனில் கதையை ஓட்டிப் பழகியவருக்கு இந்த உத்தி சட்டென்று பிடிபடும்.

விஆரில் பார்வையாளர் யார்?

எல்லாக் கேள்விகளிலும் இதுதான் கடினம். சினிமாவில் இதைக் கேட்கவே வேண்டியதில்லை. விஆரில் நீங்கள் அந்த அறைக்குள் நிற்கிறீர்கள். பாத்திரங்கள் உங்களைக் கண்டுகொள்ளாவிட்டால் ஆவி மாதிரி உணர்வீர்கள். கண்டுகொண்டால் நீங்கள் யார் என்று கதை பதில் சொல்லியாக வேண்டும்.

'ஹென்றி' என்ற படைப்பை எடுத்துக்கொள்ளுங்கள். எம்மி விருது பெற்றது. பிறந்தநாளுக்கு யாருமே வராமல் தனியாக இருக்கும் ஒரு முள்ளெலியின் கதை. அந்த முள்ளெலி உங்கள் கண்ணைப் பார்க்கும்போது நெஞ்சு இளகிவிடும். ஆனால் அடுத்த நொடியே, நான் இங்கே இருக்கும்போது இவன் எப்படித் தனிமையில் இருக்க முடியும் என்ற கேள்வியும் எழும். அழகான படைப்புதான், அந்த முடிச்சு மட்டும் அவிழாமல் நிற்கிறது.

'வுல்வ்ஸ் இன் த வால்ஸ்' அதை வேறு மாதிரி கையாண்டது. லூசி என்ற சிறுமி உங்களை வரைந்து உருவாக்குகிறாள். நீங்கள் அவளுடைய கற்பனைத் தோழர். சுவருக்குள் ஓநாய் இருக்கிறது என்று அவள் சொல்வதை வீட்டில் யாரும் நம்புவதில்லை, நம்ப நீங்கள் இருக்கிறீர்கள். மற்றவர்கள் கண்ணுக்கு நீங்கள் ஏன் தெரியவில்லை, அவள் ஏன் உங்களிடம் மட்டும் பேசுகிறாள், உங்களால் ஏன் பெரிதாக எதையும் செய்ய முடியவில்லை, மூன்றுக்கும் அந்த ஒரே முடிவில் பதில் வந்துவிடுகிறது. அதுவும் எம்மி விருது பெற்றது.

ஆவணப்படம் என்றால் விருந்தாளியாக இருப்பதே போதும். 2015இல் ஐ.நா.வுக்காக எடுக்கப்பட்ட 'க்ளவுட்ஸ் ஓவர் சித்ரா' ஜோர்டானின் ஸாத்தரி முகாமில் வாழும் 12 வயது சிரியச் சிறுமியின் அன்றாடத்தைக் காட்டுகிறது. நீங்கள் குழந்தைகளுக்கு நடுவில் இருக்கிறீர்கள், அவர்கள் கேமராவைப் பார்க்கிறார்கள். ஊருக்குப் புதிதாக வந்தவரைக் குழந்தைகள் அப்படித்தான் பார்ப்பார்கள், அதனால் அது உறுத்துவதில்லை.

ஒரே காட்சியை இரண்டு வடிவத்திலும் எழுதிக் காட்ட முடியுமா?

முடியும். ஒரு சின்னக் கதை வைத்துக்கொள்வோம். அப்பா இறந்து ஆறு மாதம். மகள் மாலதி அவருடைய அறையை ஒழிக்க வந்திருக்கிறாள். அண்ணன் சேகர் அதே வீட்டில் இருக்கிறான்.

டெலிஃபிலிமுக்கு இப்படி எழுதுவேன்:

காட்சி 22. உள்ளே. அப்பாவின் அறை. மாலை.
மாலதி அலமாரியின் மேல்தட்டிலிருந்து வயலின் பெட்டியை இறக்குகிறாள். மற்ற எல்லாவற்றிலும் தூசி, இதில் இல்லை. திறக்கிறாள். வயலின் இல்லை. மடித்த அடகு ரசீது ஒன்று.
க்ளோசப்: ரசீதில் தேதி. போன வெள்ளிக்கிழமை.
வாசலில் சேகர்.
சேகர்: சாப்பிட வா மாலதி, ஆறிடப் போகுது.
மாலதி பெட்டியை மூடுகிறாள்.
மாலதி: இதோ வரேண்ணா.
விளம்பர இடைவேளை.

க்ளோசப் ஒன்றே வேலையை முடித்துவிட்டது. அவள் ஏன் கேட்கவில்லை என்பதைப் பார்ப்பவர்கள் இடைவேளையில் பேசிக்கொள்ளட்டும்.

விஆரில் அந்த க்ளோசப் கிடையாது. ரசீதில் உள்ள சின்ன எழுத்து ஹெட்செட்டில் தெளிவாகத் தெரியும் என்று நம்பவும் முடியாது. அதைவிட, அந்த அறையில் நீங்கள் எங்கே இருக்கிறீர்கள்? நான் பார்வையாளரை அப்பாவின் நாற்காலியில் உட்கார வைப்பேன்.

பார்வையாளர்: அப்பாவின் சாய்வு நாற்காலி. உட்கார்ந்த உயரம்.
எதிரே: அலமாரி. மாலதி நம் பக்கம் முதுகைக் காட்டி நிற்கிறாள்.
வலப்பக்கம்: பாதி திறந்த கதவு. அடுத்த அறையில் சேகர் தட்டு வைக்கும் சத்தம்.
பின்னால்: ஜன்னல். மாலை வெளிச்சம் நம் தோளைத் தாண்டி அலமாரிமேல் விழுகிறது.
ஒலி: பெட்டியின் கொக்கிகள். ஒன்று. இரண்டு.
காத்திருப்பு: பார்வையாளர் மாலதியைப் பார்க்காதவரை அவள் பெட்டியின் உள்பைகளைத் துழாவுகிறாள், வில்லுக்குப் போடும் பிசினை எடுத்து முகர்கிறாள், திரும்ப வைக்கிறாள். பார்வை அவள்மேல் இரண்டு நொடி நின்றதும் ரசீதை எடுக்கிறாள்.
மாலதி ரசீதை வெளிச்சத்தில் பிடிப்பதற்காக நம் பக்கம் திரும்புகிறாள்.
மாலதி (தனக்குள்): போன வெள்ளிக்கிழமையா...
வலப்பக்கம் தட்டுச் சத்தம் நிற்கிறது. சேகர் உள்ளே வருகிறான். நாற்காலியில் உட்காரப் போகிறவன் மாதிரி நம்மை நோக்கி வந்து, ஓர் அடி தள்ளி நிற்கிறான். உட்காரவில்லை.
சேகர்: சாப்பிட வா மாலதி.

இங்கே மாலதியின் மௌனத்தைவிடச் சேகரின் தயக்கம் பெரிதாகிவிட்டது. அந்த நாற்காலியில் உட்கார அவனுக்குத் துணிவில்லை, அதில் நீங்கள் இருக்கிறீர்கள். டெலிஃபிலிமில் 'அவன் தயங்குகிறான்' என்று ஒரு ஷாட்டாகப் போய்விடும். விஆரில் அது உங்கள்மேல் விழுகிறது. கதை ஒன்றுதான், ஆனால் எந்தக் கணத்தில் கனம் ஏறுகிறது என்பது மாறிவிடுகிறது. எந்தக் கதை விஆருக்குப் பொருந்தும் என்று பார்க்க நான் செய்யும் சோதனையும் இதுதான். பார்ப்பவரை அறைக்குள் கொண்டுவந்தும் கனம் எங்கும் ஏறவில்லை என்றால் அந்தக் கதையை டிவிக்கே எழுதுங்கள்.

விஆர் ஸ்கிரிப்டுக்கு ஃபார்மட் உண்டா?

எல்லோரும் ஒப்புக்கொண்ட ஃபார்மட் இன்னும் இல்லை. ஒரு பக்கம் ஒரு நிமிடம் என்ற திரைக்கதைக் கணக்கும் இங்கே உதவாது. மேலே காட்டியது மாதிரி திசை, ஒலி, காத்திருப்பு என்று பிரித்து எழுதுகிறேன். கூடவே அறையின் தரைப்படம் ஒன்றை வரைந்து வைப்பேன். ஸ்கிரிப்டைப் படிப்பவர்களுக்கு அதுதான் முதலில் புரியும்.

எழுதியதைச் சோதிக்க ஹெட்செட் தேவையில்லை. தரையில் டேப் ஒட்டி அறையை வரையுங்கள். நடுவில் ஒரு சுழல் நாற்காலி. கதை தெரியாத ஒருவரை உட்கார வையுங்கள். நண்பர்கள் சுற்றி நின்று நடிக்கட்டும். நீங்கள் நடிப்பைப் பார்க்காமல் உட்கார்ந்திருப்பவரின் தலையை மட்டும் பாருங்கள். அது எப்போது தவறான பக்கம் திரும்புகிறதோ அங்கே ஸ்கிரிப்டில் ஒரு குறி போடுங்கள். ஒரு மாலை இப்படிச் செய்தால் கிடைப்பது எந்த மென்பொருளிலும் கிடைக்காது.

பார்வையாளர் தேர்ந்தெடுக்கும்படி கிளைக்கதை எழுதியே ஆக வேண்டுமா?

இல்லை. பத்து இடங்களில் இரண்டிரண்டு வழி வைத்து எதையும் மீண்டும் சேர்க்காவிட்டால் 1,024 முடிவுகள் வரும். யாரும் அதை எடுக்கப் போவதில்லை. அதனால் கிளைகள் பிரிந்து சீக்கிரமே மீண்டும் ஒன்றாகச் சேர்வதுதான் வழக்கம். எழுதிப் பார்க்க விரும்பினால் டிவைன் என்ற இலவச மென்பொருள் போதும். நெட்ஃப்ளிக்ஸின் ஊடாட்டப் படமான 'பேண்டர்ஸ்னாட்ச்'சுக்கு (2018) அதன் எழுத்தாளர் சார்லி ப்ரூக்கர் கிளைகளைக் கோத்ததும் அதில்தான்.

எவ்வளவு நீளம் எழுதலாம்?

ஆறு நிமிடத்திலிருந்து இருபது நிமிடம். ஹெட்செட் அரைக் கிலோ இருக்கும், முகத்தில் சூடு ஏறும். மெக்சிகோ இயக்குநர் இன்யாரிட்டுவின் விஆர் படைப்பான 'கார்னே ஒய் அரீனா' சுமார் ஆறரை நிமிடம்தான். 2017இல் கான் விழாவுக்குப் போய், அதே ஆண்டு சிறப்பு ஆஸ்கரும் வாங்கியது. அப்புறம் ஒன்று, 'கேமரா அவளைத் துரத்திக்கொண்டு ஓடுகிறது' என்று எழுதாதீர்கள். உடம்பு நிற்கும்போது கண் மட்டும் ஓடினால் பலருக்குத் தலை சுற்றும், குமட்டும்.

விஆர் என்றாலே பரிவை வளர்க்கும் கருவி என்கிறார்களே?

'க்ளவுட்ஸ் ஓவர் சித்ரா'வை எடுத்தவர்களில் ஒருவரான கிறிஸ் மில்க் 2015இல் டெட் மேடையில் அப்படி ஒரு கருத்தைச் சொன்னார், அது அப்படியே பரவிவிட்டது. என் கருத்து வேறு. ஒருவர் பக்கத்தில் ஐந்து நிமிடம் நின்றதாலேயே அவரைப் புரிந்துகொண்டுவிட்டோம் என்று நினைப்பது ஆபத்து. அடுத்தவர் துயரத்துக்குள் பார்வையாளரைத் தள்ளி அதிர வைப்பது தொழில்நுட்பரீதியாகச் சுலபம். சுலபம் என்பதாலேயே எழுத்தாளர் அங்கே கூடுதல் பொறுப்போடு இருக்க வேண்டும்.

எப்படி எழுதலாம் என்பதற்கு 2016இல் வந்த 'நோட்ஸ் ஆன் பிளைண்ட்னஸ்' படத்தின் விஆர் வடிவத்தைச் சொல்வேன். பார்வையை இழந்த ஜான் ஹல் என்ற பேராசிரியர் 1980களில் கேசட்டில் பதிவுசெய்த குரல் நாட்குறிப்புகள்தான் அதன் அடிப்படை. அங்கே சத்தம் எழுந்தால்தான் பொருள் உங்களுக்குத் தெரியும். சத்தம் நின்றால் அது மறைந்துவிடும். பரிதாபப்படு என்று அது கேட்பதே இல்லை. ஒரு மனிதர் உலகத்தை எப்படி அறிகிறார் என்பதை அவர் குரலிலேயே காட்டுகிறது. தொலைக்காட்சியில் உண்மைக் கதை எழுதிய பழக்கம் இங்கேயும் கைகொடுக்கும்: யாருடைய வாழ்க்கையோ அவருடைய சொற்களை முதலில் தேடுங்கள்.

இதில் பிழைக்க முடியுமா?

விஆரை மட்டும் நம்பி இறங்க வேண்டாம் என்பதுதான் என் நேர்மையான பதில். ஒக்குலஸ் ஸ்டோரி ஸ்டுடியோ 'ஹென்றி'க்காக எம்மி வாங்கிய அடுத்த ஆண்டே, 2017இல், மூடப்பட்டது. 'பேர்ல்' எடுத்த கூகுளின் ஸ்பாட்லைட் ஸ்டோரீஸ் 2019இல் மூடப்பட்டது. விருதும் பாராட்டும் அந்தக் குழுக்களைக் காப்பாற்றவில்லை. இன்று விஆர் கதைக்கான பணம் பெரும்பாலும் கலை நிதி, அருங்காட்சியகம், பயிற்சி நிறுவனங்கள், கேம் கம்பெனிகள் என்று சிதறிக் கிடக்கிறது.

டெலிஃபிலிமில் சம்பளம் படிப்படியாக வரும்: கதைச்சுருக்கத்துக்கு ஒரு பகுதி, முதல் ட்ராஃப்டுக்கு ஒரு பகுதி, திருத்தத்துக்கு ஒரு பகுதி. வருடத்துக்கு ஒரு படம் கிடைத்தால்கூட நிற்கக் கொஞ்சம் தரை இருக்கும். அதில் நின்றுகொண்டு விஆரைச் செய்யுங்கள்.

ஒப்பந்தத்தில் எதைக் கவனிப்பது?

'இப்போது உள்ளதும் இனி கண்டுபிடிக்கப்படுவதுமான எல்லா ஊடகங்களிலும்' என்ற வரியைத் தேடுங்கள். டெலிஃபிலிம் ஒப்பந்தத்தில் அதற்குக் கையெழுத்துப் போட்டால் உங்கள் கதையின் விஆர் வடிவத்தையும் சேர்த்தே கொடுத்துவிடுகிறீர்கள். குறைந்தபட்சம் அந்த வடிவத்தை எழுதும் முதல் வாய்ப்பு உங்களுக்கே என்று கேளுங்கள், தனிச் சம்பளத்தோடு. எத்தனை முறை திருத்தித் தர வேண்டும் என்ற எண்ணும் எழுத்தில் இருக்க வேண்டும். விஆரில் சோதனை முடிந்து ஒவ்வொரு முறையும் ஸ்கிரிப்ட் மாறும், அதற்கு எல்லை வைக்காவிட்டால் ஒரு வருடம் ஓடிவிடும். ஏஐ பற்றிய வரியையும் விடாதீர்கள். அமெரிக்க எழுத்தாளர் சங்கம் 2023இல் 148 நாள் வேலைநிறுத்தம் செய்து, ஏஐ எழுதியதை எழுத்தாளரின் படைப்பாகக் கணக்கில் எடுக்கக் கூடாது, ஏஐயைப் பயன்படுத்தச் சொல்லி எழுத்தாளரைக் கட்டாயப்படுத்தக் கூடாது என்று ஒப்பந்தத்தில் எழுத வைத்தது. தனியாளாகக் கேட்பவருக்கும் அது ஒரு முன்மாதிரி.

செய்த விஆர் படைப்பை எங்கே அனுப்புவது?

வெனிஸ் திரைப்பட விழா 2017 முதல் விஆருக்கென்றே தனிப் போட்டி நடத்துகிறது. இப்போது வெனிஸ் இமர்சிவ் என்ற பெயரில் ஒரு சின்னத் தீவில் நடக்கிறது. நியூயார்க்கின் ட்ரைபெக்கா விழா, ஆம்ஸ்டர்டாம் ஆவணப்பட விழாவின் டாக்லேப் பிரிவு ஆகியவையும் உண்டு. முடிந்த படைப்பு இல்லாவிட்டாலும் தயாரிப்பாளர் தேடும் நிலையில் உள்ள திட்டங்களுக்கு வெனிஸ் போன்ற இடங்களில் சந்தை இருக்கிறது. அங்கே தரைப்படமும் மூன்று பக்கத்தில் எழுதிய ஒரு காட்சியும் கொண்டுபோனால் போதும்.

சில வருடம் கழித்து என் விஆர் படைப்பை யாராவது பார்க்க முடியுமா?

பழைய டெலிஃபிலிம் எங்காவது டேப்பில் கிடைத்துவிடும். விஆர் அப்படியில்லை. ஹெட்செட் மாடல் நின்றுபோகும், ஸ்டோரிலிருந்து ஆப்பை எடுத்துவிடுவார்கள், எஞ்சினின் புதுப் பதிப்பில் பழைய கோப்பு திறக்காது. ஆகவே வெளியீட்டு நாளன்றே மூன்று வேலைகளை முடித்துவிடுங்கள். ஒருவர் ஹெட்செட்டில் பார்ப்பதை ஆரம்பத்திலிருந்து முடிவுவரை சாதாரண வீடியோவாகப் பதிவுசெய்யுங்கள், ஒலியோடு. கடைசியாக நடிகர்கள் பேசியபடி திருத்திய ஸ்கிரிப்டைத் தரைப்படத்தோடு சேமியுங்கள். ஓடும் நிலையில் உள்ள கோப்பின் ஒரு பிரதியைத் தயாரிப்பாளரிடம் எழுதி வாங்கி வையுங்கள். அடுத்த வாய்ப்புக்கு நீங்கள் காட்டப் போவதும் பெரும்பாலும் அந்த வீடியோவாகத்தான் இருக்கும். எதிரே உட்கார்ந்திருப்பவரிடம் ஹெட்செட் இருக்காது.